அலகு குத்திய வாயால் பத்துப் பாட்டு

பூசாரி என் தம்பியின் வாய்க்குள் விரலை விட்டு இடது கன்னத்தை வெளியே தள்ளிப் பிடித்தார். இன்னொரு கையால் திருநீற்றை அள்ளி அப்பினார். வேல் முழ நீளம் இருக்கும், வெள்ளி. முரசு நின்றது. கூட்டம் ‘வேல் வேல்’ என்று கத்தியது. இடது கன்னத்தில் புகுந்த முனை வலது கன்னத்தில் வெளியே வந்து வெயிலில் மின்னியது.

ஒரு சொட்டு ரத்தம் வரவில்லை. எல்லோரும் கையெடுத்துக் கும்பிட்டார்கள். நான் கும்பிட்ட கையோடு விரல்களை எண்ணிக்கொண்டிருந்தேன். இன்று சனி. ஞாயிறு, திங்கள், செவ்வாய். புதன்கிழமை காலை ஒன்பது மணிக்கு அவன் ஒலிப்பதிவுக் கூடத்தில் மைக் முன்னால் நிற்க வேண்டும்.

அது அவனுடைய முதல் தனி ஆல்பம். பாட வேண்டியது அந்த வாய். அந்த வாயில் வேலை ஏற்றி வைத்தவள் நான்.

இந்தத் தொடரில் ‘தம்பி’, ‘தம்பி’ என்று நான் சொல்லிக்கொண்டே வரும் செல்வத்தை, ரங்கூனில் அந்த வருடங்களில் ‘யான் மோ’ என்று சொன்னால்தான் தெரியும். மேடைக்காக வைத்துக்கொண்ட பர்மியப் பெயர். தொண்ணூறுகளின் நடுவில் ஏதோ ஒரு வருடம். எந்த வருடம் என்று அடித்துச் சொல்ல முடியவில்லை. நான் கிழமைகளை ஞாபகம் வைத்துக்கொள்வேன், வருடங்கள் நழுவிவிடும்.

பட்டறைச் சங்கு

எங்கள் அப்பாவுக்கு இன்சீன் ரயில் பட்டறையில் வேலை. வீடும் பக்கத்திலேயே. காலையில் சங்கு ஊதினால் தட்டுமுட்டுச் சாமான்கள் அதிரும். நாள் முழுக்க இரும்பை இரும்பு அடிக்கும். அந்தச் சத்தத்துக்கு மேலே கூப்பிட்டால்தான் அடுத்த அறைக்குக் கேட்கும். தம்பி பேசக் கற்றுக்கொண்டதே கத்தித்தான்.

அம்மா இறந்தபோது நான் ஆறாம் வகுப்பு. அவனுக்கு நான்கு வயது. அடுத்த வாரமே என் பள்ளிக்கூடப் பை பரணுக்குப் போய்விட்டது. சோறு ஆக்குவது, துணி துவைப்பது, தம்பியைப் பார்த்துக்கொள்வது. இதில் மூன்றாவது வேலையை நான் கொஞ்சம் அதிகமாகவே செய்துவிட்டேன் என்று அப்பா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். அவன் ஊரைச் சுற்றி ஓடும் வட்ட ரயிலில் ஏறினால் தடம் புரளுமோ என்று பயம். கிணற்றடிக்குப் போனால் பயம். சத்தமில்லாமல் தூங்கினால், மூக்கருகே விரல் வைத்துப் பார்ப்பேன்.

அவன் பெரியவனாகி நான்கு பர்மியப் பையன்களோடு சேர்ந்து மின்சாரக் கிடார் பேண்டு ஒன்று ஆரம்பித்தான். வெளிநாட்டு மெட்டு, பர்மிய வரிகள், பகோடாத் திருவிழா மேடைகள். அவர்கள் அவனுக்கு வைத்த பட்டப்பெயருக்குத் தமிழில் ‘பட்டறைச் சங்கு’ என்று அர்த்தம். அவன் பாட ஆரம்பித்தால் மேடைக்குப் பின்னால் கட்டிக் கிடக்கும் மாடுகள் எழுந்து நின்றுவிடும். பொய்யில்லை, த்வாண்டேயில் ஒரு நெல் அறுவடைத் திருவிழாவில் என் கண்ணால் பார்த்தேன்.

நான் காதில் பஞ்சு வைத்துக்கொண்டு, பிளாஸ்க்கில் வெந்நீரோடு பின்னால் நிற்பேன். ஒவ்வொரு உச்சத்துக்கும் அவன் கழுத்து நரம்பு புடைக்கும். நான் பிளாஸ்க் மூடியைத் திருகித் திறந்துவிடுவேன்.

நானே ஏற்றிக்கொண்டு போன ஏலம்

ஒரு குளிர்காலம் முழுக்க வடக்கே ஊர் ஊராகப் போய்ப் பாடிவிட்டு வந்தான். வாசலில் நின்று ‘அக்கா’ என்றான். காற்றுத்தான் வந்தது.

டாக்டர் தொண்டைக்குள் விளக்கடித்துப் பார்த்தார். இரண்டு மாதம் ஒரு வார்த்தை பேசக்கூடாது. அதற்கு மேல் என்ன ஆகும் என்று இப்போது சொல்ல முடியாது. அவ்வளவுதான் சொன்னார். தம்பி ஒரு பழைய நோட்டில் எழுதிக் காட்டிப் பேச ஆரம்பித்தான். மூன்றாவது வாரம் பேண்டிலிருந்து ஆள் வந்தது, பழம் வாங்கிக்கொண்டு. திருவிழாக் காலம் காத்திருக்காது, வேறு பாடகன் பார்த்துவிட்டோம் என்றார்கள். அவன் நோட்டில் ‘சரி’ என்று எழுதிக் காட்டினான். அவர்கள் போனபிறகு அந்தப் பக்கத்தைக் கிழித்து அடுப்பில் போட்டான்.

மறுநாள் நான் முருகன் கோயிலுக்கு நடந்தே போனேன். நேர்ந்துகொள்வதில் எனக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. சாமி பதில் சொல்லாமல் நிற்பதைப் பார்த்தால், கொடுப்பது போதவில்லையோ என்று தோன்றிவிடும். முதலில் தேங்காய் உடைக்கிறேன் என்றேன். பிறகு பால்குடம். பிறகு அவனே காவடி எடுப்பான் என்றேன். முருகன் அப்படியே நின்றார். “வாய் அலகு குத்திக் காவடி எடுப்பான், குரலை மட்டும் குடுத்துடு” என்று வாயிலிருந்து வந்துவிட்டது. யாருடைய கன்னம், யாரைக் கேட்டுக் கொடுக்கிறோம் என்ற யோசனையே இல்லை. அவனிடம் அன்று மாலை சொன்னபோது, நோட்டில் ‘சரி’ என்று எழுதிவிட்டு, பக்கத்தில் ஒரு மீசைக்காரன் படம் போட்டு கன்னத்தில் அம்பு விட்டுக் காட்டினான்.

மழைக்காலத்தில் குரல் வந்தது. பேண்டு வரவில்லை.

ஊ மியாவின் புதன்கிழமை

வந்தவர் ஊ மியா. நகரத்தில் கேசட் கடை வைத்திருந்தார், பாடகர்களைப் பிடித்து ஆல்பமும் போடுவார். அறுபது வயது, எந்நேரமும் வெற்றிலை. அவர் தம்பியின் மேடையைப் பார்த்திருக்கிறார். ஏப்ரலில் வரும் தின்ஜான் தண்ணீர்த் திருவிழாவுக்கு ஒரு ஆல்பம், பத்துப் பாட்டு, ஊரே ஆடுகிற மாதிரி. பாடுவது யான் மோ ஒருவன் மட்டும். வரிகள் எழுதி, தணிக்கைக்குப் போய், முத்திரையோடு திரும்பி வந்தன. முத்திரை விழுந்த பிறகு ஒரு சொல்லையும் மாற்றக்கூடாது. வாத்தியக்காரர்களை வைத்துப் பின்னணி இசையை முதலிலேயே பதிந்துவிட்டார்கள். தம்பி குரலைச் சேர்க்க வேண்டியதுதான் பாக்கி.

கூடத்தில் கிடைத்தது ஐந்து நாள், புதன் முதல் ஞாயிறு வரை. முன்னாலும் பின்னாலும் வேறு பாடகர்கள், எல்லோருக்கும் தின்ஜான் அவசரம். “இந்த அஞ்சு நாள் தப்புனா எடம் இன்னொருத்தனுக்கு. எனக்கும் வேற ஆள் பாக்க வேண்டி வரும்” என்று ஊ மியா சிரித்துக்கொண்டே சொன்னார். சிரித்துக்கொண்டு சொல்கிறவர்களைக் கண்டால் எனக்கு இன்னும் பயம்.

வீட்டுக்கு வந்து கோயில் காலண்டரைப் பார்த்தேன். அவன் காவடி எடுக்க வேண்டிய பங்குனி உத்திரம் அந்த வருடம் முன்னாலேயே வந்துவிட்டது. அந்தப் புதனுக்கு முந்தைய சனிக்கிழமை.

காலண்டரைக் கழற்றி அரிசி டின்னுக்குப் பின்னால் வைத்தேன்.

நான் அப்போது ரங்கூனின் லான்மடா பகுதியில், பர்மியர்கள் இடுப்பில் கட்டும் லோஞ்சி விற்கும் ஒரு கடையில் வேலை பார்த்தேன். முதலாளி தமிழ் முஸ்லிம், மூன்று தலைமுறையாக அங்கே கடை. அண்ணன் என்ற பொருளில் நானா என்று கூப்பிடுவேன். என் முகத்தைப் பார்த்தே எது உடைந்தது என்று சொல்லிவிடுவார்.

“என்னா புள்ளே, காலையிலேர்ந்து ஒரே லோஞ்சியை ஏழு தடவ மடிச்சிட்டே?”

சொன்னேன். அவர் அளவு கோலைக் கீழே வைத்துவிட்டார்.

“தாயீ, பாட்டுக்காரன் வாயையா பூட்டுனே? வேற எடமே கெடைக்கலியா? முதுகு எவ்ளோ அகலமா வச்சிருக்கான்!”

“கிண்டல் பண்ணாதீங்க நானா.”

“கிண்டலா? நேத்திக்கடனு ஒண்ணு, மனுசன் பொழப்பு ஒண்ணு. ரெண்டையும் ஒரே வாயில வச்சியே, அதச் சொல்றேன். அவன்ட்ட சொல்லிட்டியா?”

“மறந்திருப்பான்.”

“மறக்குற காரியமா இது!”

அன்று மத்தியானமே பூசாரியிடம் போனேன். அடுத்த வருடம் செய்யலாமா என்று கேட்டேன். “சாமிகிட்டயா தவணை கேக்குறே?” என்றார். அவனுக்குப் பதில் நான் குத்திக்கொள்ளட்டுமா என்றேன். “நீ நேந்தது அவன் வாய். ஒன் வாய் எதுக்கு அவருக்கு?” என்று சொல்லிவிட்டு உண்டியல் பக்கம் போய்விட்டார்.

நான் மறைத்ததை நானா மூன்று நாள்கூடத் தாங்கவில்லை. கடைக்கு வந்த தம்பியிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். வீட்டுக்கு வந்ததும் அவன் நேரே அரிசி டின்னைத்தான் நகர்த்தினான்.

“ஏங்க்கா மறைச்சே?”

“ஆல்பம் போயிடும்டா. கன்னம் வீங்கும். பாட முடியாது. நான்தான் கெடுத்தேன், நானே அந்தச் சாமிகிட்ட பேசிக்கிறேன்.”

“நீ பேசித்தான் இம்புட்டும்.” காலண்டரைப் பழைய ஆணியிலேயே மாட்டினான். “குரல் போனப்ப நீ ஒத்த ஆளா கோயிலுக்கு நடந்தே பாரு, அப்பவே நெனச்சேன், இவ எதையோ பெருசா தூக்கிக் குடுத்துட்டு வரப் போறான்னு. குடுத்துட்டே. வாங்கியும் தந்துட்டே. வாங்கிக்கிட்டு ஓட முடியுமா? சனிக்கெழமை குத்திக்கிறேன். புதன்கெழமை பாடுறேன்.”

“முடியலன்னா?”

“முடியலன்னா ஒன் கடையில லோஞ்சி மடிக்கிறேன்.”

சிரித்தான். அவனுக்கும் பயம்தான். விரதம் இருந்த நாட்களெல்லாம் கன்னத்தைத் தடவிக்கொண்டே இருந்தான்.

மேசையில் இறங்கிய கைகள்

வேலைக் கன்னத்திலிருந்து உருவியதும் பூசாரி இரண்டு பக்கமும் திருநீற்றை வைத்து அழுத்தினார். ஞாயிற்றுக்கிழமை ஒன்றும் தெரியவில்லை. திங்கட்கிழமை இரண்டு கன்னமும் வீங்கின. செவ்வாயன்று மொகிங்கா நூடுல்ஸில் ஊற்றும் மீன் குழம்பை மட்டும் உதட்டு ஓரத்தால் உறிஞ்சிக் குடித்தான். வாய் ஒரு விரல் அகலம் திறந்தது. அதற்கு மேல் போனால் கண்ணில் நீர்.

புதன்கிழமை நானும் போனேன். நானா விடுப்புக் கொடுத்துவிட்டு, கடை வாசலில் நின்று தன் வழக்கப்படி எங்களுக்காகத் துவா செய்தார்.

ஒலிப்பதிவுக் கூடம் என்றால் பெரிதாக நினைக்க வேண்டாம். ஒரு பழைய வீட்டின் மாடி அறை. சுவரெல்லாம் மெத்தைகளை ஆணி அடித்து வைத்திருந்தார்கள். மின்சாரம் வரும் போகும் என்பதால் கீழே ஜெனரேட்டர். பதிவு செய்பவர் பெயர் கோ டே, ஒல்லியான மனிதர், அதிகம் பேசமாட்டார். எல்லோரும் சயா, சயா என்று மரியாதையாகக் கூப்பிட்டார்கள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் அவரும் நானும், அந்தப் பக்கம் ஹெட்போன் மாட்டிய தம்பி.

முதல் பாட்டு முதல் வரியே உச்சத்தில். தம்பி மூச்சை இழுத்தான், வாயைத் திறந்தான். பாதியிலேயே கன்னத்தைப் பிடித்துக்கொண்டான். மறுபடி. மறுபடி. காய்ந்த பொருக்கு பிரிந்து ஒரு பக்கம் ரத்தம் கசிந்தது. குத்தும்போது வராத ரத்தம். டிரம்ஸ் சத்தத்துக்கு நடுவில் அவன் குரல் தகரத்தைத் தேய்ப்பது போல வந்தது. மத்தியானம்வரை ஒரு வரிகூடத் தேறவில்லை.

நான் ஒரு மூலையில் உட்கார்ந்து, கெடுத்தேன், நான்தான் கெடுத்தேன் என்று வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டிருந்தேன். கோ டே திரும்பிப் பார்த்தார்.

“மா காமா,” என்றார். என் பெயர் காமாட்சி, பர்மாக்காரர்கள் அதைப் பாதியில் நிறுத்தி, முன்னால் மரியாதைக்கு ஒரு ‘மா’ போடுவார்கள். “தண்ணி குடிங்க.”

பிறகு மைக்கில் தம்பியிடம் பேசினார். “கிட்ட வா. இன்னும் கிட்ட. ஒதடு மைக்குல படட்டும். வாயைத் தொறக்காதே.”

“தொறக்காம எப்படிப் பாடுறது சயா?”

“பாடாதே. பக்கத்துல ஒக்காந்திருக்கவங்ககிட்ட சொல்லு.”

“இந்த டிரம்ஸுக்கு நடுவுல யாருக்குக் கேக்கும்?”

கோ டே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். முன்னால் இருந்த மேசையில் வரிசையாகக் குமிழ்கள். அதில் டிரம்ஸ் குமிழைக் கீழே இறக்கினார். ஊரை எழுப்ப வேண்டிய அந்தச் சத்தம் அடுத்த தெருவுக்குப் போனது மாதிரி ஆனது. மின்சாரக் கிடாரை முழுக்க இறக்கினார். மிச்சம் இருந்தது ஒரு மரக் கிடார், ஒரு கீபோர்டு, அடியில் ஓடும் தடித்த கம்பிக் கிடார். வரிகளை மாற்ற முடியாது, முத்திரை விழுந்துவிட்டது. சத்தத்துக்கு யாரும் முத்திரை குத்தவில்லையே.

தம்பி அந்த ஒரு விரல் வாயால் சொல்ல ஆரம்பித்தான்.

அந்தக் குரல் எனக்குத் தெரியும். காய்ச்சலில் படுத்துக் கிடக்கும்போது அக்கா, தண்ணி என்று கேட்பானே, அந்தக் குரல். அப்பாவுக்குக்கூடத் தெரியாது, பக்கத்தில் விழித்திருந்தவள் நான்தானே. அது பாட்டுப் பாடும் என்று அன்றுதான் கேட்டேன். இத்தனை வருடம் சங்குக்குப் பின்னால் எங்கே உட்கார்ந்திருந்ததோ.

பாட்டு முடிந்தது. கோ டே சுருளை நிறுத்தாமல் கொஞ்ச நேரம் ஓடவிட்டார். “அடுத்தது” என்றார்.

வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தவர்

ஞாயிறு மத்தியானத்துக்குள் பத்துப் பாட்டும் முடிந்துவிட்டன. வாய் தினமும் கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்தது. ஏழாவது பாட்டில் தம்பி பழையபடி ஒரு கத்தல் போட்டுப் பார்த்தான். குரல் வந்தது, நன்றாகவே வந்தது. அவனே கையை ஆட்டி நிறுத்தச் சொன்னான். “வேணாம் சயா, திரும்ப எடுப்போம். முன்ன மாதிரியே.” அதைத்தான் நான் முக்கியமாகச் சொல்வேன். முதல் ஆறு பாட்டை அவன் வலியால் அப்படிப் பாடினான். மிச்ச நான்கை அவனாகப் பாடினான்.

ஞாயிறு சாயங்காலம் ஊ மியா கேட்க வந்தார். ஊரே ஆடுகிற ஆல்பம் கேட்டவர். மூன்று பேரும் சுவரோரமாக நின்றோம், மாட்டை அடுத்தவன் வயலில் மேயவிட்டு மாட்டிக்கொண்டவர்கள் மாதிரி. கோ டே சுருளைப் போட்டார்.

முதல் பாட்டில் ஊ மியா சத்தத்தைக் கூட்டச் சொல்லிக் கையைத் தூக்கினார். கோ டே கூட்டவில்லை. இரண்டாவது பாட்டில் எழுந்து போனார். மாடிப்படி ஓரத்தில் வெற்றிலையைத் துப்பி, வாய் கொப்பளித்துவிட்டுத் திரும்பி வந்து உட்கார்ந்தார். பத்தும் முடியும்வரை கண்ணைத் திறக்கவில்லை.

“இத தின்ஜானுக்கு விக்க முடியாது,” என்றார்.

மேசையை விரலால் தட்டிக்கொண்டே தொடர்ந்தார்.

“தண்ணி ஊத்திக்கிட்டு லாரி மேல ஆடுறவன் இதக் கேப்பானா? தூங்கிடுவான்.”

“தப்பு என்னோடது ஊ மியா,” என்றேன். “நான்தான் கோயில்ல...”

“பேசாதீங்க மா காமா, யோசிக்கிறேன்ல.” சட்டைப் பையிலிருந்து புது வெற்றிலையை எடுத்தார், போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டார். “தின்ஜானுக்கு வேற எதையாவது போட்டுக்கிறேன். இத மழைக்கு வைப்போம். மழையில எவன் ஆடப் போறான்? டீக்கடையில ஒக்காந்து வெளிய பாத்துக்கிட்டிருப்பான். அப்பக் கேப்பான்.” பிறகு தம்பியின் தாடையைப் பிடித்து முகத்தை அப்படியும் இப்படியும் திருப்பினார். “இந்த ஓட்டை மூடிக்குமா?”

முழுசாக மூடவில்லை. இரண்டு கன்னத்திலும் சின்னக் குழி நின்றுவிட்டது. கேசட் அட்டைக்குப் படம் எடுத்தவர் கொஞ்சம் தனக்கா மரப்பட்டைச் சாந்து பூசி மறைக்கலாம் என்றார், தம்பி கேட்கவில்லை. யான் மோவுக்குக் கன்னக்குழி எவ்வளவு அழகு என்று பெண்பிள்ளைகள் போஸ்டரைப் பார்த்துப் பேசிக்கொண்டார்கள். நானா தன் கடைக் கண்ணாடியில் அந்தப் போஸ்டரை ஒட்டி, வருகிறவர்களிடமெல்லாம், “முருகன் செஞ்ச வேல” என்பார். அவர்களுக்குப் புரியாது, அவருக்குக் கவலையும் கிடையாது.

லோஞ்சிக் கடையில் ஒரு சயாமா

ஊ மியா சொன்னபடிதான் நடந்தது. அந்த மழையில் டீக்கடைகளில் அவன் குரல் ஓடியது. லான்மடாவில் கடை வாசலில் நின்றால் மூன்று டீக்கடை கேட்கும். ஒன்றில் இரண்டாவது பாட்டு, ஒன்றில் ஐந்தாவது, எதிரில் கடைசிப் பாட்டு. நான் லோஞ்சி மடிப்பதை நிறுத்திவிட்டு மூன்றையும் ஒரே நேரத்தில் கேட்பேன். ஏதாவது கடையில் நாடா சிக்கிக்கொள்ளுமோ என்று கவலையும் படுவேன்.

ஒரு பர்மியப் பாட்டுப் பத்திரிகை தம்பியைப் பேட்டி எடுத்தது. ‘சாஃப்ட் ராக்’ என்று எழுதியிருந்தார்கள். ராக் பாட்டுத்தான், ஆனால் மெதுவாக. அப்படி ஒரு பெயர் அதற்கு உண்டு என்பதே எங்களுக்கு அன்றுதான் தெரியும். எனக்குப் பர்மிய எழுத்தில் வேகம் போதாது என்பதால் நானா சத்தமாகப் படித்துத் தமிழில் சொன்னார்.

“பேண்டில் கத்திப் பாடிய நீங்கள் எப்படி மாறினீர்கள் என்று கேட்டதற்கு, ‘என்னைக் கத்தவிடாமல் செய்தவர் என் அக்கா. அந்த ஆல்பத்துக்கு அவர்தான் காரணம்’ என்கிறார் யான் மோ.” நானா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டார். “புள்ளே, இதுக்குக் கீழ கேளு. ‘அவருடைய மூத்த சகோதரி கண்டிப்பான பாட்டு ஆசிரியை என்று தெரிகிறது.’”

“ஐயோ! அப்படிச் சொன்னானா?”

“அவன் சொல்லல. எழுதுனவன் சேத்துக்கிட்டான்.”

நான் மூன்று நாள் தூங்கவில்லை. யாராவது வந்து சுரம் கேட்டால் என்ன செய்வது? ஆறாம் வகுப்பில் தேசிய கீதத்தையே வாயசைத்து ஒப்பேற்றியவள் நான்.

ஒருவர் வந்தேவிட்டார். நடுத்தர வயது பர்மியப் பெண்மணி, குடையிலிருந்து தண்ணீர் சொட்ட. இரண்டு லோஞ்சி எடுத்தார். கண்ணாடியில் இருந்த போஸ்டரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். எங்கள் இருவர் மூக்கும் ஒரே அச்சு.

“நீங்கதானே அந்த சயாமா? யான் மோவோட அக்கா?” என்றார் பர்மிய மொழியில். ஆசிரியைகளைக் கூப்பிடும் அந்தச் சொல்லால் யாரும் என்னைக் கூப்பிட்டதில்லை. “எங்க வீட்டுல தினம் அந்தப் பாட்டுத்தான். அந்தக் கத்து கத்துன ஆளை எப்படி சயாமா அடக்குனீங்க? எவ்ளோ வருஷம் ஆச்சு?”

பின்னால் நானா அலமாரிப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். அவர் தோள் இரண்டும் குலுங்கின.

எனக்கு ஒன்றும் தெரியாது, என்னைக் கேட்காதீர்கள் என்று சொல்ல வாய் திறந்தேன். வாழ்நாள் முழுக்க அதைத்தான் சொல்லி வந்திருக்கிறேன். எதிர்க் கடையில் தம்பி பக்கத்தில் உட்கார்ந்து சொல்வது போலப் பாடிக்கொண்டிருந்தான். லோஞ்சியை மடித்து, சணலால் கட்டி, அவர் கையில் கொடுத்தேன்.

“அஞ்சு நாள்தான் ஆச்சு,” என்றேன்.